தவளை கான்ட்ராக்டரும் முதல் படமும்

ரொம்ப நாளா டிராஃப்டிலேயே தூங்கிக்கிட்டிருந்த பதிவு இது. ஆணி பிடுங்கவே நேரம் சரியா இருக்கு, இதுல சரித்திரம் வேறயான்னு தள்ளிப் போட்டுக்கிட்டே வந்தேன். போன வாரம் ஆபீஸ்ல நடந்த ஒரு சின்ன விஷயம் (கடைசியில் சொல்கிறேன்) உசுப்பி விட்டுடுச்சு. கொஞ்சம் நீளமான பதிவு. டீயோ காபியோ எடுத்து வச்சுக்கிட்டு உட்காருங்க.

முதல்ல சின்னதா ஒரு கொசுவத்தி.

சில வருஷம் முன்னாடி ப்ராஜெக்ட் வேலையா மூணு வாரம் பாண்டுங் போயிருந்தேன். இந்தோனேசியாவில், ஜாவா தீவின் மேற்குப் பக்கம், சுத்தி மலைகள், கடல் மட்டத்திலிருந்து எழுநூறு மீட்டருக்கு மேலே இருக்கும் ஊர். அங்கே சுந்தா மக்கள்தான் அதிகம். நம்மைவிடப் பெரியவங்களை 'காங்'னு கூப்பிடுவாங்க. நம்ம 'அண்ணே' மாதிரி. என்னோட வேலை பார்த்தவர் எனக்கு நாலஞ்சு வயசு மூத்தவர், அதனால எனக்கும் அவர் 'காங்' ஆயிட்டார்.

ஒருநாள் மத்தியானம் சாப்பிடும்போது, "இன்னிக்கு எங்க தேசிய திரைப்பட தினம்"னார். தேதி மார்ச் 30. உங்க ஊர் முதல் படம் ரிலீசான நாளான்னு கேட்டேன். "ரிலீஸ் இல்ல, முதல் நாள் ஷூட்டிங். 1950"னார். நானும் தலையாட்டிட்டு சோத்தைக் கவனிச்சேன்.

சாயங்காலம் ப்ராகா தெருவுக்கு நடக்கக் கூட்டிட்டுப் போனார். டச்சுக்காரன் காலத்துக் கடைவீதி. அங்கே மெஜஸ்டிக் என்று ஒரு பழைய தியேட்டர் கட்டடம். ஸ்கூமாகர் என்கிற கட்டடக் கலைஞர் 1920களில் கட்டினது. முகப்பில் நம்ம கோயில் யாளி முகம் மாதிரி ஒரு பெரிய 'கால' முகம், முழிச்சுப் பார்த்துக்கிட்டிருக்கு. கட்டடத்தோட உருவத்தைப் பார்த்து அந்தக் காலத்துல 'பிஸ்கட் டப்பா'ன்னு கிண்டல் பண்ணுவாங்களாம். அதைக் காட்டி நண்பர் சொன்னார், "1926-ல எங்க ஊர்லயே எடுத்த கதைப் படம் இங்கதான் ஓடுச்சும்பாங்க."

எனக்குள்ள இருந்த டெஸ்டர் முழிச்சுக்கிட்டான். "காங், மத்தியானம் 1950-ன்னீங்க. இப்ப 1926-ங்கறீங்க. எது முதல் படம்?"

சிரிச்சார். "ரெண்டும்தான்."

அந்த 'ரெண்டும்தான்'ங்கற பதில்ல ஒரு ஆள் ஒளிஞ்சுக்கிட்டிருந்தார். பேர் ஜார்ஜ் எடுவர்ட் ஆல்பர்ட் க்ரூகர்ஸ். ஒளிப்பதிவாளர், இயக்குநர். ஊருக்குத் திரும்பி வந்ததும் கிடைச்ச நேரத்துல எல்லாம் அவரைத் தேடிப் படிச்சேன். அந்தக் கதைதான் இது.

ஜாதிக்காய்த் தீவிலிருந்து

க்ரூகர்ஸ் பிறந்தது 1890-ல், பாண்டா நேய்ரா என்ற குட்டித் தீவில். உலகத்துக்கே ஜாதிக்காய் கிடைத்த பாண்டா தீவுக் கூட்டத்தில் ஒன்று. அந்த ஜாதிக்காய்க்காக டச்சு கம்பெனி 1621-ல் அங்கிருந்த மக்களைக் கிட்டத்தட்ட துடைத்தே எடுத்தது. அதுக்கப்புறம் அங்கே குடியேறியவர்கள், கொண்டுவரப்பட்ட அடிமைகள், தோட்ட முதலாளிகள் எல்லாம் கலந்து ஒரு புது ஜனக்கூட்டம் உருவாச்சு. க்ரூகர்ஸ் 'இந்தோ'. அதாவது ஐரோப்பிய ரத்தமும் உள்ளூர் ரத்தமும் கலந்த குடும்பம்.

இந்த 'இந்தோ'ங்கற வார்த்தையை ஞாபகம் வச்சுக்குங்க, கதையே அதைச் சுத்தித்தான். 1930 கணக்கெடுப்புப்படி டச்சு இந்தியத் தீவுகளில் ஆறு கோடி ஜனம். அதுல 'ஐரோப்பியர்'னு பதிவானவங்க ரெண்டரை லட்சத்துக்கும் கொஞ்சம் குறைவு. அதுல பெரும்பாதிக்கு மேல இந்தோக்கள்தான். சட்டப்படி ஐரோப்பியர். ஆனா ஹாலந்திலிருந்து புதுசா கப்பல்ல வந்து இறங்கின வெள்ளைக்காரன் பார்வையில அரைகுறை. உள்ளூர்க்காரன் பார்வையில துரை வீட்டு ஆள். ரெண்டு வீட்டுக்கும் சொந்தக்காரன், ரெண்டு வீட்லயும் திண்ணையிலதான் இடம்.

சினிமா அந்த ஊருக்குச் சீக்கிரமே வந்துவிட்டது. 1900 டிசம்பரில் பட்டாவியாவில் (இன்றைய ஜகார்த்தா) முதல் காட்சி. ஆனா அடுத்த கால் நூற்றாண்டுக்கு ஓடினதெல்லாம் வெளியூர்ப் படங்கள். உள்ளூர்ல எடுத்தது எல்லாம் துண்டுச் செய்திப் படம், டாக்குமெண்டரி, அவ்வளவுதான். தியேட்டருக்குள்ள உள்ளூர்க்காரங்களுக்குன்னு இருந்த மட்டமான டிக்கெட்டுக்குப் பேரே 'ஆட்டு வகுப்பு'. நம்ம தரை டிக்கெட் எவ்வளவோ கௌரவம் :-)

கருங்குரங்கு வந்த கதை

1926-ல் பாண்டுங்கில் ஜாவா ஃபிலிம் கம்பெனி என்று ஒன்று ஆரம்பிக்கிறார்கள். இயக்குநர் ஹூவல்டோர்ப் என்ற டச்சுக்காரர். கேமராவும் லேபும் க்ரூகர்ஸ் பொறுப்பு. எடுத்த கதை 'லுத்துங் கசாருங்'. வழி தவறி வந்த கருங்குரங்கு என்று அர்த்தம் சொல்லலாம்.

சுந்தா மக்களுக்கு இது பாட்டி சொல்ற கதை. ராஜா தன் கடைக்குட்டிப் பொண்ணு புர்பசாரிக்குப் பட்டம் கட்ட நினைக்கிறார். பொறாமை பிடிச்ச அக்கா புர்பராரங் தங்கச்சியைக் காட்டுக்கு விரட்டி விடுகிறாள். காட்டுல அவளுக்குத் துணையா ஒரு கருங்குரங்கு. கடைசியில் அக்கா போட்டி வைக்கிறாள்: யார் கூந்தல் நீளம், யாருக்கு வரப்போற மாப்பிள்ளை அழகு? தங்கச்சி என்ன பண்ணுவா, பக்கத்துல இருக்கிற குரங்கைத்தான் காட்டணும். அந்த நிமிஷம் குரங்கு தன் தேவ உருவத்தைக் காட்டும். சுபம்.

படத்துக்கு ஆதரவு கொடுத்தவர் பாண்டுங்கின் ரீஜெண்ட் விரநாதகுசுமா. ரீஜெண்ட் என்றால் டச்சு ஆட்சிக்குக் கீழே அந்தப் பகுதியை நிர்வாகம் பண்ணிய உள்ளூர்ப் பிரபு. இதே கதையை 1921-ல் பெரிய இசை நாடகமாக மேடையேற்றியவரும் அவர்தான். அவர் வீட்டுப் பிள்ளைகளே படத்தில் நடித்தார்கள். அந்தக் காலத்துல மேடை ஏறுகிறவர்களை யாரும் மதிக்காத சமூகத்தில், பிரபு வீட்டுப் பிள்ளைகள் கேமரா முன்னால் நின்றது சாதாரண விஷயம் இல்லை. ஷூட்டிங் நடந்தது பாண்டுங் பக்கத்தில் இருக்கும் பாடலாராங் பகுதியில்.

இதில் க்ரூகர்ஸ் வேலை என்னன்னு கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க. கேமராவைக் கையால் சுத்தணும், ஒரே வேகத்துல. வெளிச்சம் சூரியன் கொடுக்கிறது மட்டும்தான், மலை ஊர்ல மேகம் வந்தா பேக்கப். எடுத்த ஃபிலிமை அங்கேயே கழுவணும். ஃபிலிம் மேல பூசியிருக்கிற ஜெலட்டின் சூடு தாங்காது. தண்ணி கொஞ்சம் வெதுவெதுப்பானாலே இளகி, படம் வழிஞ்சு போயிடும். பாண்டுங் குளிர்ச்சியான ஊர் என்பது இதுக்கு ஒரு வரம். இன்னொரு பக்கம், அது நைட்ரேட் ஃபிலிம். பத்திக்கிட்டா அணைக்கவே முடியாது. இப்படி ஒரு சரக்கை வச்சுக்கிட்டு, முன்ன பின்ன கதைப் படம்னு ஒன்று எடுத்தே இராத ஊரில் ஒருத்தர் முழுப் படத்தையும் பிடித்துக் கழுவிக் கொடுத்திருக்கிறார்.

1926 டிசம்பர் 31-ல் பாண்டுங்கில் படம் வெளியானது. ஜனவரி 6 வரை ஓடியது. ஒரு வாரம். அவ்வளவுதான். கையைக் கடித்திருக்கும்னு நினைக்கிறேன். சுந்தா கதை, சுந்தா ஜனம். மத்த ஊர்ல யாருக்கும் அந்தக் குரங்கைத் தெரியாது. சுந்தா ஜனம் வாங்குவது ஆட்டு வகுப்பு டிக்கெட். அந்தக் காசுல ஒரு கம்பெனி எப்படிப் பிழைக்கும்?

அடுத்த படம், இயக்குநர் நாற்காலி

1927-ல் 'எயுலிஸ் ஆச்சி'. இந்த முறை இயக்கமும் க்ரூகர்ஸ். யோஹானா என்ற சுந்தா எழுத்தாளரின் நாவல். நல்ல மனைவி, ஊதாரிப் புருஷன். அவன் விட்டுட்டுப் போக, இவள் குழந்தைகளோட வறுமையில் கஷ்டப்படுகிறாள். கடைசியில் அவனும் ஒண்ணுமில்லாமல் வந்து நிற்கும்போது இவள் இரக்கப்படுகிறாள். கேட்ட கதையா இருக்கா? எல்லா ஊர்லயும் இதே கதைதான் போல.

எனக்குப் பிடிச்ச தகவல் ஒண்ணு. ஊமைப்படம் ஆச்சே, பாட்டுக்கு என்ன பண்றது? சுரபாயாவில் தியேட்டரிலேயே க்ரோஞ்சோங் குழுவை உட்கார வைத்து வாசிக்க விட்டார்களாம். க்ரோஞ்சோங் போர்த்துகீசிய கிதார் வாசனையோடு அந்த மண்ணில் வளர்ந்த இசை. இதுவும் கலப்புதான்! இந்தோ இயக்குநர், சுந்தா நாவல், க்ரோஞ்சோங் இசை. எதுவுமே 'சுத்தமான' சரக்கு இல்லை, எல்லாமே அந்த ஊர்ச் சரக்கு.

இதற்குள் ஜாவா ஃபிலிம் கம்பெனி படுத்துவிட்டது. க்ரூகர்ஸ் தன் பேரிலேயே ஒரு கம்பெனி தொடங்கினார்.

மெக்காவுக்குப் போன கேமரா

இதுதான் எனக்கு இந்த ஆள் மேல பிரமிப்பே வந்த இடம்.

1928-ல் க்ரூகர்ஸ் ஹஜ் யாத்திரையைப் படம் பிடிக்கிறார். 'மாபெரும் மெக்கா விழா' என்று டச்சில் தலைப்பு. ஜகார்த்தாவின் தஞ்சோங் ப்ரியோக் துறைமுகத்தில் கப்பல் ஏறுவதிலிருந்து ஆரம்பம். கப்பலில் ஜனங்களின் வாழ்க்கை, செங்கடலில் கமரான் தீவில் தொற்றுநோய் சோதனை, ஜெத்தாவில் இறங்குதல், அங்கிருந்து ஒட்டக வரிசை, மெக்கா, அரஃபாத் மைதானம். முஸ்லிம் அல்லாதவர் அந்த நகரத்துக்குள் நுழையவே முடியாது. க்ரூகர்ஸ் இஸ்லாத்தைத் தழுவியிருந்ததால்தான் அந்த வழி அவருக்குத் திறந்தது. அதனால தனியா ஒரு வெள்ளைக்காரப் பயணி மாறுவேஷத்துல எட்டிப் பார்த்துட்டு வந்த கதை இல்லை இது. கூட்டத்தோட கூட்டமா, தன் ஊர் ஜனங்களோட அதே கப்பல் பாதையில போயிருக்கார்.

அந்தச் சமயத்தையும் பாருங்க. இப்னு சவூத் ஹிஜாஸைப் பிடித்தது 1924-25-ல். சண்டை ஓய்ந்ததும் கூட்டம் அலைமோத ஆரம்பிச்சது. ரப்பர் விலை ஏறி கிராமத்து ஆள் கையிலும் காசு புழங்கிய காலம் வேற. 1926-27 பருவத்தில் மட்டும் டச்சு இந்தியத் தீவுகளிலிருந்து ஐம்பதாயிரத்துக்கும் மேலே யாத்திரிகர்கள் போனார்கள். அத்தனை பேரின் கனவு. வயலையும் மாட்டையும் வித்துட்டுப் போறவங்க, திரும்பி வருவோமோ மாட்டோமோன்னு சொல்லிட்டுப் போறவங்க. அந்த யாத்திரையைத் தொடக்கத்திலிருந்து முடிவு வரை சலனப்படமாகப் பிடித்தவர்களில் முதல் ஆளாகச் சொல்லப்படுவது பாண்டா தீவில் பிறந்த இந்த மனுஷன்.

படம் அதே வருஷம் ஹாலந்தில் லைடன் நகரத்தில் திரையிடப்பட்டது. ஏன் லைடன்? டச்சுக்காரர்களின் கீழ்த்திசை ஆராய்ச்சிக்கு அதுதான் தலைமையிடம். 1885-ல் மெக்காவுக்குப் போய்த் தங்கி, அந்த நகரத்தைப் பற்றிப் பெரிய புத்தகம் எழுதிய ஸ்னூக் ஹூர்க்ரோன்யே பாடம் நடத்திய ஊர். பண்டிதர்கள் காகிதத்தில் படித்த யாத்திரையை இவர் நகரும் படமாகக் கொண்டு போய்க் காட்டினார்.

தவளை கான்ட்ராக்டர்

தலைப்புக்கு வந்துட்டேன். 1930-ல் க்ரூகர்ஸ் எடுத்த படம் 'கர்னாடி அன்னேமர் பங்கோங்'. 'அன்னேமர்' டச்சு வார்த்தையிலிருந்து வந்தது, கான்ட்ராக்டர். 'பங்கோங்' சுந்தா மொழியில் தவளை. கர்னாடி தவளை பிடிச்சு விற்கிற ஏழை. பணக்காரன் மாதிரி வேஷம் போட்டு ஒரு அழகான பொண்ணைக் கல்யாணம் பண்ணப் பார்க்கிறான். இதுவும் யோஹானாவின் நாவல்தான். பக்கா காமெடி.

1929-லேயே அமெரிக்கப் பேசும் படங்கள் ஜாவா தியேட்டர்களுக்கு வந்தாச்சு. அதைப் பார்த்த ஜனம் ஊமைப்படத்தை இனிமே திரும்பிப் பார்க்காது. க்ரூகர்ஸ் என்ன பண்ணினார்? ஸ்டூடியோவும் கிடையாது, ஹாலிவுட் கருவிகளும் கிடையாது. ஒரே ஃபிலிமில் படத்தையும் ஒலியையும் சேர்த்துப் பதிகிற கேமராவை வைத்து, கையிலிருந்ததைக் கொண்டு ஒப்பேற்றினாராம். அந்த நாட்டின் முதல் பேசும் படம் இதுதான் என்று பலர் சொல்கிறார்கள். இல்லை, 1931-ல் தே தெங் சுன் எடுத்த 'போங்கா ரோஸ் தாரி சிகெம்பாங்'தான் முதல்னு விளம்பரம் ஓடிய கதையும் உண்டு. பார்த்தீங்களா, இங்கேயும் 'யார் முதல்' சண்டை!

கர்னாடி ஓடலை. ஒலி மோசம் என்பது ஒரு காரணம். இன்னொரு காரணமாச் சொல்றது, ஹீரோ தவளையைச் சாப்பிடுறான். பார்க்க வந்த ஜனம் பெரும்பாலும் முஸ்லிம்கள். தவளைக்கறியைப் பார்த்து முகம் சுளிச்சுட்டாங்களாம். எனக்கு இது படிக்கும்போது ஒரு மாதிரி இருந்துச்சு. ரெண்டு வருஷம் முன்னாடி அதே மக்களோட மெக்கா போய், அவங்க யாத்திரையைப் பிடிச்சுட்டு வந்தவர். ஜனங்க மனசு அவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்? நாவல்ல சிரிச்ச விஷயம் திரையில பெருசாத் தெரியறப்ப வேற மாதிரி ஆயிடுது. வெறும் கதையாக் கேட்கறது வேற, கண் முன்னாடி பார்க்கறது வேற.

அதோட உலகப் பொருளாதார மந்தமும் வந்து சேர்ந்தது. ரப்பர், சர்க்கரை விலையெல்லாம் படுத்தது. ஜனங்க கையில காசு இல்லை. 1930களின் தொடக்கத்திலேயே க்ரூகர்ஸின் இயக்குநர் வாழ்க்கை அந்த மண்ணில் முடிஞ்சு போச்சு. மொத்தத்துல அஞ்சாறு வருஷம்தான்.

அவருக்கப்புறம்

அவர் விட்ட இடத்தை மற்றவர்கள் பிடித்தார்கள். ஷாங்காயிலிருந்து வந்த வோங் சகோதரர்கள், நெல்சன், ஜோஷுவா, ஒத்னியல். இவர்களும் கேமராக்காரர்கள்தான், இவர்களும் இயக்குநர்கள்தான். 1928-ல் 'லிலி வான் ஜாவா', 1936-ல் டச்சுக்காரர்களோடு சேர்ந்து 'பாரே'. ஸ்டூடியோன்னு அவங்க வச்சிருந்தது ஒரு பழைய மரவள்ளி மாவு ஃபேக்டரி. 'பாரே' தயாரிப்பாளர்களைக் கடன்ல முக்கினது. ஆனா மறு வருஷமே, 1937-ல், அதே கூட்டணி 'தெராங் போலான்' எடுத்தது. தீவு, நிலா, காதல் ஜோடி, பாட்டு. ருக்கியா கதாநாயகி. சிங்கப்பூர், மலாயா வரைக்கும் பிச்சுக்கிட்டு ஓடியது. குரங்கும் தவளையும் தேடிக் கிடைக்காத கூட்டம் பாட்டுக்குக் கிடைச்சது.

1942-ல் ஜப்பான் வந்தது, தனியார் படக் கம்பெனிகள் மூடப்பட்டன. 1945-ல் சுதந்திரப் பிரகடனம், நாலு வருஷம் டச்சுக்காரர்களோடு போர். 1949 டிசம்பரில்தான் டச்சுக்காரர்கள் ஆட்சியை ஒப்படைத்தார்கள்.

இப்பத்தான் அந்த மார்ச் 30 வருகிறது.

ரத்தமும் பிரார்த்தனையும்

உஸ்மார் இஸ்மாயில். 1921-ல் சுமத்ராவில் புக்கிட்டிங்கியில் பிறந்தவர். நாடகக்காரர், கவிஞர், பத்திரிகையாளர். 1948-ல் டச்சுக்காரர்களால் கைது செய்யப்பட்டவர். 1950-ல் 'பெர்ஃபினி' என்ற கம்பெனியை ஆரம்பித்து, மார்ச் 30 அன்று மேற்கு ஜாவாவில் சுபாங் என்ற இடத்தில் முதல் ஷாட் எடுத்தார். படம் 'டாரா டான் தோஆ', ரத்தமும் பிரார்த்தனையும். சிலிவாங்கி படைப்பிரிவு 1948-ல் யோக்யகர்த்தாவிலிருந்து மேற்கு ஜாவா வரை குடும்பங்களோடு நடந்தே போன நெடும் பயணம்தான் களம். ஒளிப்பதிவு மாக்ஸ் தேரா. (கேமராமேன் பேரை யாருமே சொல்றதில்லை, நான் சொல்லிடறேன்.)

இந்தப் படத்தைத்தான் முதல் இந்தோனேசியப் படம் என்று கொண்டாடுகிறார்கள். 1962-ல் திரைத்துறையினர் கூடி மார்ச் 30-ஐ முடிவு செய்தார்கள். 1999-ல் ஜனாதிபதி ஹபிபி அதை அதிகாரபூர்வமாக அறிவித்தார். காரணம் எளிமையானது. இந்தோனேசியர் கம்பெனி, இந்தோனேசியர் இயக்கம், இந்தோனேசியரின் கதை. அதுக்கு முன்னாடி எடுத்ததெல்லாம் டச்சுக் காலனியில் எடுத்த படங்கள். 'இந்தோனேசியா' என்ற நாடே அப்போ இல்லை.

இதுல ரெண்டு விஷயம் என்னை நிறுத்திடுச்சு.

ஒண்ணு, உஸ்மார் இஸ்மாயிலுக்கே அது முதல் படம் இல்லை! 1949-லேயே ஒரு டச்சுக் கம்பெனிக்காக 'ஹர்த்தா கருன்', 'சித்ரா'ன்னு ரெண்டு படம் எடுத்துட்டார். ஆனா முதலாளிகளின் தலையீடு இருந்ததால், அதையெல்லாம் தன் படமாவே அவர் எண்ணலை. தன் கையாலேயே தன் கணக்கை ரீசெட் பண்ணிக்கிட்டவர். வேடிக்கை என்னன்னா, இந்தோனேசியத் திரை விருதுக்கு வச்ச பேர் 'சித்ரா'.

ரெண்டு, அந்தத் தேசியப் படத்தின் ஹீரோ கேப்டன் சுதார்த்தோ, கதையில் ஒரு ஜெர்மன் பெண்ணைக் காதலிக்கிறான். ராணுவத்தில் சிலருக்கு அப்போ பிடிக்கலை, தணிக்கைத் தொல்லையெல்லாம் வந்தது. அதாவது 'சுத்தமான' முதல் படத்துக்குள்ளயும் ஒரு கலப்பு எட்டிப் பார்க்குது. வாழ்க்கை அப்படித்தானே இருக்கு, கதை மட்டும் எப்படி மாறும்?

சரி, யார் முதல்?

இப்ப போன வாரத்து ஆபீஸ் மேட்டர்.

சில வருஷம் முன்னாடி, முன்பு வேலை பார்த்த ஒரு இடத்தில், நான் ராத்திரி பகலா உட்கார்ந்து எழுதின ஒரு மாட்யூல் உண்டு. தனி ஆளா எழுதினது. பக் நிறைய, அழகும் கிடையாது, ஆனா ஓடுச்சு. போன வாரம் அந்தக் கம்பெனியில் இன்னும் இருக்கிற நண்பன் போன் பண்ணினான். கோடை எல்லாம் புது ரெப்போவுக்கு மாத்தினாங்களாம். பழைய வரலாறு எதையும் கொண்டு வரலை. முதல் கமிட்டில் மாத்தின ஆளோட பேர் இருக்கு. என் பேர் எங்கயும் இல்லை. (ஐ.டி. ஆளில்லாதவங்களுக்கு: யார் எந்த வரியை எப்ப எழுதினாங்கன்னு கணக்கு வைக்கிற நோட்டை மாத்தும்போது, பழைய நோட்டைத் தூக்கிப் போட்டுட்டாங்க.)

யார் மேலயும் தப்பு இல்லை. மாத்தினவர் என்னைவிட நல்லாவே எழுதியிருக்கார். ஆனாலும் அன்னிக்கு ராத்திரி தூக்கம் வரலை. அப்பத்தான் க்ரூகர்ஸ் ஞாபகம் வந்தார். என் மாட்யூலுக்கே இப்படின்னா, மெக்கா வரைக்கும் கேமராவைத் தூக்கிட்டுப் போன மனுஷனுக்கு எப்படி இருந்திருக்கும்?

ஆனா யோசிச்சா உஸ்மார் பக்கமும் எனக்கு நியாயமாத்தான் படுது. முன்னூறு வருஷத்துக்கு மேல அடுத்தவன் கையில் இருந்த ஊர். விடுதலை கிடைச்ச மறு வருஷம் ஒருத்தன், "இங்கிருந்து ஆரம்பிக்கிறோம்"னு ஒரு கோடு போடுறான். அந்தக் கோடு அவங்களுக்குத் தேவை. முதல் படம்னு கொண்டாடுறது தேதியைப் பத்தின விஷயம் இல்லை. நாங்க யாருன்னு ஒரு ஜனம் எடுக்கிற முடிவு. அதை வெளியில இருந்து நான் எப்படித் தப்புன்னு சொல்றது?

எனக்குப் பிரச்சினை கோட்டுக்கு இந்தப் பக்கம் இல்லை, அந்தப் பக்கம். கோடு போட்டதும் அந்தப் பக்கம் இருந்தவங்க எல்லாம் 'அவங்க ஆளு' ஆயிடறாங்க. க்ரூகர்ஸ் இந்தோனேசியர் இல்லையா? பிறந்தது பாண்டாவில். எடுத்தது சுந்தா கதை. போனது அந்த ஜனங்களோட ஹஜ் யாத்திரை. டச்சுக்காரர்களின் சினிமா சரித்திரத்திலும் அவருக்குப் பெரிய இடம் இல்லை, அவங்களுக்கு அவர் காலனி ஆள். 1949-க்கு அப்புறம் லட்சக்கணக்கான இந்தோக்கள் கப்பலேறி ஹாலந்து போனாங்க. முன்ன பின்ன பார்த்தே இராத 'தாய்நாட்டுக்கு'த் திரும்பினாங்கன்னு அதுக்குப் பேர். அந்த மொத்த ஜனத்துக்கும் நடந்ததுதான் இவர் பேருக்கும் நடந்திருக்கு. எந்த ரெப்போவிலும் இடம் இல்லை.

இன்னொரு கொடுமை. லுத்துங் கசாருங் இன்னிக்கு யாரும் பார்க்க முடியாது. ஃபிலிம் அழிஞ்சு போச்சுன்னுதான் நம்புறாங்க. நைட்ரேட் ஃபிலிம், வெப்பமான ஊர், நடுவுல ரெண்டு போர், வேற என்ன ஆகும்? மத்த கதைப் படங்களுக்கும் அதே கதிதான். ஆசியாவின் இந்தப் பகுதியிலேயே முதல் திரைப்பட ஆவணக் காப்பகம்னு பேர் வாங்கின சினிமாத்தேக் இந்தோனேசியா வந்ததே 1975-ல்தான், மிஸ்பாக் யூசா பிரான் முயற்சியில். அதுக்குள்ள காலம் கடந்துடுச்சு. பிழைச்சது எது தெரியுமா? மெக்கா படம். ஹாலந்துக்குக் கொண்டு போனதால பிழைச்சுது. தன் ஊர்ல வச்ச படங்கள் போச்சு, அந்நிய ஊருக்குப் போனது நின்னுச்சு.

ஆனா ஒரு ஆறுதல். இந்தோனேசியாவில் எடுத்த படங்களை எல்லாம் பட்டியல் போட்டு கிறிஸ்தாந்தோ என்ற விமர்சகர் ஒரு பெரிய அட்டவணைப் புத்தகம் போட்டிருக்கிறார். அது எந்த வருஷத்துல ஆரம்பிக்குது? 1926. முதல் பதிவு லுத்துங் கசாருங். கேக் வெட்டறது 1950-க்கு, கணக்கு எழுதறது 1926-லிருந்து. பாண்டுங் நண்பர் சொன்ன 'ரெண்டும்தான்' இதுதான்னு இப்பப் புரியுது. பிறந்த நாள் வேற, பெயர் வச்ச நாள் வேற. ரெண்டையும் ஞாபகம் வச்சுக்கறதுல யாருக்கும் நஷ்டம் இல்லை.

அந்தக் கருங்குரங்குக் கதையையே எடுத்துக்குங்க. கடைசி வரைக்கும் எல்லாரும் அதைக் குரங்காத்தான் பார்த்தாங்க, புர்பசாரி ஒருத்தியைத் தவிர. க்ரூகர்ஸுக்கு உருவம் மாறுற அந்தக் கடைசிக் காட்சி இன்னும் வரலை. அதுக்கு நம்மால ஆனது, இப்படி ஒரு பதிவு.

டிஸ்கி 1: பழைய கம்பெனி நண்பனுக்குப் போன் பண்ணி, புது ரெப்போவுல ஒரு ரீட்மீ ஃபைலாவது போடுடான்னு கேட்டிருக்கேன். என் பேர் வேணாம், 'இதுக்கு முன்னாடி ஒண்ணு இருந்துச்சு'ன்னு ஒரு வரி போதும். பார்க்கலாம்னு சொல்லியிருக்கான்.

டிஸ்கி 2: உங்க வேலையில, உங்க ஊர்ல, இப்படிக் கோட்டுக்கு அந்தப் பக்கம் மாட்டிக்கிட்ட முதல் ஆள் யாராவது இருந்தா பின்னூட்டத்துல சொல்லுங்க. பேராவது ஒரு இடத்துல எழுதி வைப்போம்.